கத்திரியும் கல்லாப்பெட்டியும்

1940 ஆகஸ்டில் சென்னை ராக்ஸி தியேட்டரில் காந்தியைப் பற்றிய ஆவணப்படம் ஒன்று வெளியானது. யுத்தம் தொடங்கி ஓராண்டு முடிகிற நேரம். காங்கிரஸ் மந்திரிசபைகள் 1939 அக்டோபரிலிருந்தே ஒவ்வொன்றாக விலகியிருந்தன. சென்னை மாகாணம் கவர்னர் கையில் இருந்தது. கே. சுப்பிரமணியத்தின் ‘தியாகபூமி’ மீது தடை விழுந்ததும் இந்தக் கட்டத்தில்தான். கதைப் படத்துக்கே அந்தக் கதி என்றால், காந்தியே திரையில் நடந்து வரும் படத்துக்கு என்ன கதி நேர்ந்திருக்க வேண்டும்? ஆனாலும் படம் வந்தது, தமிழிலேயே வந்தது. எடுத்தவர் கோட்டையூர்க்காரர் ஏ. கே. செட்டியார். அப்போது அவருக்கு வயது 28.

செட்டியார் சினிமாக்காரர் அல்ல. ரங்கூனில் ‘தனவணிகன்’ இதழை நடத்தியவர், பயணக் கட்டுரைகள் எழுதியவர். டோக்கியோவிலும் பிறகு நியூயார்க்கிலும் புகைப்படக் கலை படித்தார். 1937 அக்டோபர் 2ஆம் தேதி அமெரிக்காவிலிருந்து அயர்லாந்துக்குப் போகும் கப்பலில் காந்தி படத்தின் யோசனை பிறந்தது என்று அவரே எழுதியிருக்கிறார். தேதியைப் பார்த்தால் பின்னால் சேர்த்த மெருகோ என்று தோன்றும். ஆனால் செட்டியார் மெருகேற்றுகிற ஆள் இல்லை. தன்னைப் பற்றி அவ்வளவு குறைவாக எழுதிய பயண எழுத்தாளர் தமிழில் அபூர்வம். ஊர் திரும்பி டாக்குமெண்டரி பிலிம்ஸ் லிமிடெட் என்று ஒரு கம்பெனி தொடங்கிப் பணம் திரட்டினார். பல நாடுகளில் பல நிறுவனங்களின் கிடங்குகளில் கிடந்த பழைய செய்திப் படச் சுருள்களைத் தேடி அலைந்தார். காந்தி வாழ்ந்த இடங்களைத் தாமே படம் பிடிக்கத் தென்னாப்பிரிக்கா வரை போனார். முப்பது ஆண்டுகளில் ஏறத்தாழ நூறு காமிராக்காரர்கள் எடுத்த காட்சிகளிலிருந்து 50,000 அடி சேர்ந்தது. அதை 12,000 அடியாகச் சுருக்கினார். பாரிஸில் படித்துவிட்டு வந்த டாக்டர் பி. வி. பதி போன்ற தொழில் தெரிந்தவர்கள் உதவினார்கள். தெலுங்குப் பதிப்பும் வந்தது.

ஆவணப்படம் என்ற வடிவமே நம் ஊரில் வேர்விடாத காலத்தில், அந்நிய ஆட்சியின் மூக்குக்கு நேரே இதைச் செய்தவர், சுதந்திர இந்தியாவில் அடுத்து என்ன படம் எடுத்தார்? அந்த அளவில் ஒன்றுமில்லை. 1943இல் ‘குமரி மலர்’ தொடங்கினார். 1983இல் இறக்கும்வரை அவருடைய அடையாளம் அந்தப் பத்திரிகைதான். காந்தி படத்துக்காகப் பழைய சுருள்களைத் தேடிய அதே கை, பழைய தமிழ் இதழ்களையும் பாரதி பற்றிய ஆவணங்களையும் தேடி மறுபதிப்புச் செய்வதில் இறங்கியது. இதை அவருடைய சுபாவம் என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். ஆனால் இந்திய ஆவணப்படத்தின் நூறாண்டுக் கணக்கைப் புரட்டினால், சுபாவத்துக்கு அப்பால் ஒரு காரணம் தெரிகிறது. தணிக்கை பற்றி நாம் பேசுவதெல்லாம் கத்திரியைப் பற்றித்தான். எடுத்தவனுக்கும் பார்ப்பவனுக்கும் நடுவே கல்லாப்பெட்டியில் யார் உட்கார்ந்திருக்கிறார் என்ற கேள்வி அதிகம் எழுவதில்லை. ஆவணப்படக்காரர்களின் வாழ்க்கையைத் தீர்மானித்ததில் கத்திரியைவிடக் கல்லாப்பெட்டிக்குத்தான் பங்கு அதிகம் என்பது என் கட்சி.

வெள்ளைக்காரன் காலத்துத் தணிக்கை எப்படி இயங்கியது என்பதை முதலில் பார்க்கலாம். 1918இல் சினிமாட்டோகிராப் சட்டம் வந்தது. 1920 முதல் பம்பாய், கல்கத்தா, சென்னை, ரங்கூன் நகரங்களில் தணிக்கை வாரியங்கள் உட்கார்ந்தன. பிறகு லாகூரும் சேர்ந்தது. சென்னையில் வாரியத்தின் தலைவர் போலீஸ் கமிஷனர். வாரியத்தின் நோக்கம் என்ன என்பதை அந்தப் பதவியே சொல்லிவிடுகிறது: சட்டம் ஒழுங்கு. ஒரு மாகாணம் அனுமதித்த படத்தை இன்னொரு மாகாணம் நிறுத்தலாம்; மாவட்ட மாஜிஸ்திரேட்டும் தன் எல்லைக்குள் நிறுத்தி வைக்கலாம். 1921இல் வந்த ‘பக்த விதுரர்’ புராணப் படம்தான். அதில் விதுரர் காந்தியைப் போலத் தோன்றினார் என்பதற்காகச் சென்னையிலும் கராச்சியிலும் தடைபட்டது. 1930இல் தண்டி யாத்திரையைப் பிடித்த செய்திப் படங்களுக்கும் பல மாகாணங்களில் அதே வரவேற்புதான். 1937இல் காங்கிரஸ் மந்திரிசபைகள் வந்ததும் இந்தத் தடைகள் தளர்ந்தன. செட்டியார் சுருள் தேடி அலைந்த காலம் பெரும்பாலும் அந்த இரண்டேகால் ஆண்டு இடைவெளியோடு ஒத்துப்போனது அவருடைய அதிர்ஷ்டம்.

இந்த அமைப்பை நம்மவர்கள் முற்றாக எதிர்த்தார்கள் என்று நினைத்துக்கொள்வது இனிமையாக இருக்கிறது, உண்மை அப்படியில்லை. 1927இல் அமைந்த இந்திய சினிமாட்டோகிராப் கமிட்டிக்குத் தலைவர் சென்னை வக்கீல் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார். அவருடைய கமிட்டி ஊர் ஊராகப் போய் 353 பேரிடம் சாட்சியம் வாங்கியது. அந்தச் சாட்சியங்களைப் படித்தால், தணிக்கையே கூடாது என்று சொன்ன இந்தியர்கள் மிகச் சிலர். பெரும்பாலோருக்குத் தணிக்கை வேண்டும். அது வெள்ளைக்காரன் கையில் இருப்பதில்தான் வருத்தம். 1952இல் வந்த சட்டத்தின் வித்து இங்கேயே விழுந்துவிட்டது.

ஆனால் அந்தக் கத்திரி படத்தை வெட்டியதோடு நின்றது. படம் எடுக்க முதல் போடுகிறவர்களையோ தியேட்டர் நேரத்தையோ அது விலைக்கு வாங்கவில்லை. தடுப்பதற்கு அரசு இருந்தது. கொடுப்பதற்கும் கொள்வதற்கும் இடையில் அரசு இல்லை. பங்குப் பணத்தில் ஒருவர் காந்தி படம் எடுத்து, தியேட்டரை வாடகைக்குப் பிடித்து, டிக்கெட் விற்றுக் காட்ட முடிந்தது அதனால்தான்.

அந்த வெற்றிடத்தை அரசு நிரப்பியது யுத்தத்தின்போது. 1940இல் பிலிம் அட்வைசரி போர்டு பிறந்தது. இங்கிலாந்திலிருந்து அலெக்சாண்டர் ஷா வந்தார்; அவருக்குப் பின் வி. சாந்தாராம் கொஞ்ச காலம் பொறுப்பேற்று விலகினார். பிறகு எஸ்ரா மீர். 1943இல் இன்பர்மேஷன் பிலிம்ஸ் ஆஃப் இந்தியாவும், இந்தியன் நியூஸ் பரேடு என்ற வாரச் செய்திப் படமும் அமைந்தன. எல்லாம் யுத்தப் பிரசாரம். மக்கள் இதற்காகவா டிக்கெட் வாங்குவார்கள்? அதற்கும் வழி கண்டார்கள். இந்தியப் பாதுகாப்பு விதிகளில் 44ஏ என்று ஒன்றைச் சேர்த்து, ஒவ்வொரு தியேட்டரும் ஒவ்வொரு காட்சியிலும் அரசு ஒப்புதல் பெற்ற படத்தில் குறிப்பிட்ட அடியைக் காட்டியே ஆக வேண்டும் என்றார்கள். காட்டுவதற்கு வாடகையையும் தியேட்டர்காரரே கொடுக்க வேண்டும். விற்பவனும் சட்டம் போடுபவனும் ஒரே ஆள். செட்டியாரின் படமோ இதே கெடுபிடிக் காலத்தில் திரையிலிருந்து மறைந்துபோனது.

1946இல் மத்திய சட்டசபையின் இந்திய உறுப்பினர்கள் இந்த அமைப்புக்கான பண ஒதுக்கீட்டில் கை வைத்தார்கள். வெள்ளையனின் பிரசார யந்திரம் என்ற கோபம் நியாயமானதுதான். யந்திரம் நின்றது; கட்டாயத் திரையிடலும் போனது. விளைவு, 1947 ஆகஸ்ட் 15 வந்தபோது அதைப் படம் பிடிக்க இந்திய அரசிடம் சொந்தமாக ஒரு படப்பிரிவு இல்லை. வெளிநாட்டுச் செய்திப் படக்காரர்களும் தனியாக வேலை செய்த சில இந்தியக் காமிராக்காரர்களும் எடுத்தவையே அந்த நாளின் அசையும் படங்களாக நமக்குக் கிடைத்தவை. செட்டியாரின் காந்தி படம் இந்தி விளக்கவுரையோடு டெல்லியில் மறுபடி காட்டப்பட்டதும் அப்போதுதான். 1953இல் அதன் ஆங்கிலப் பதிப்பு அமெரிக்காவில் வந்தது.

அடுத்து நடந்ததுதான் இந்தக் கட்டுரையின் மையம். 1948இல் தகவல் ஒலிபரப்பு அமைச்சகத்தின் கீழ் பிலிம்ஸ் டிவிஷன் தொடங்கியது. கட்டாயத் திரையிடல் சினிமா லைசென்சின் நிபந்தனையாகத் திரும்பி வந்தது. வாடகையை முன்போலவே தியேட்டர்காரர் கட்டினார். அந்நிய அரசு யுத்த அவசரத்துக்குச் செய்த ஏற்பாட்டைச் சுதந்திர அரசு சமாதான காலத்தின் நிரந்தர ஏற்பாடாக்கியது. எஸ்ரா மீரும் திரும்பி வந்தார். 1956 முதல் சில ஆண்டுகள் பிலிம்ஸ் டிவிஷனின் தலைமைத் தயாரிப்பாளர் அவர்தான். இதில் துரோகம் ஒன்றுமில்லை. படிப்பறிவு குறைந்த நாட்டில் அணைக்கட்டையும் அம்மை ஊசியையும் பற்றி மக்களுக்குச் சொல்லச் சினிமாவைவிட நல்ல வழி இல்லை என்று நேரு காலத்தவர்கள் உண்மையாகவே நம்பினார்கள். தமிழ் உட்படப் பல மொழிகளில் வாராவாரம் செய்திப் படம் வந்தது. டூரிங் டாக்கீஸ் காலத்து ஆட்களைக் கேட்டால் சொல்வார்கள்: ‘நியூஸ் ரீல்’ என்றால் பீடி பற்ற வைத்துக்கொண்டு வெளியே நிற்கிற நேரம், உள்ளே வெள்ளமும் மந்திரி மாலையும் அந்தக் கணீர்க் குரலும் தங்கள்பாட்டுக்கு ஓடிக்கொண்டிருக்கும்.

தனியாள் நிலையை யோசித்துப் பாருங்கள். தியேட்டரில் ஆவணப்படத்துக்கென்று இருக்கும் பத்திருபது நிமிஷமும் பிலிம்ஸ் டிவிஷனுக்குப் போய்விட்டது. தியேட்டர்காரர் ஏற்கெனவே அதற்கு வாடகை கட்டுகிறார். இன்னொரு ஆவணப்படத்தை அவர் எதற்கு வாங்க வேண்டும்? வாங்குபவர் ஒருவர்தான், அரசு. செட்டியாரைப் போலப் பங்கு சேர்த்துப் படமெடுக்கிறவருக்கு அந்தச் சந்தையில் இடமில்லை. 1968இல் விட்டல்பாய் ஜவேரி ஐந்து மணி நேரத்துக்கு மேல் ஓடும் காந்தி ஆவணப்படத்தை எடுத்தார். அதற்குப் பின்னால் காந்தி ஸ்மாரக நிதியும் பிலிம்ஸ் டிவிஷனும் இருந்தன. அதே காந்தி, அதே வகைச் சுருள்கள். இருபத்தெட்டு ஆண்டு இடைவெளியில் முதலாளி மாறிவிட்டார். செட்டியார் மனத்தில் என்ன இருந்தது என்று ஊகிக்க எனக்கு உரிமையில்லை. ஆனால் அவர் இன்னொரு படத்துக்குத் திட்டமிட்டிருந்தாலும் அதை எங்கே காட்டியிருப்பார் என்று கேட்டுப் பார்க்கலாம்.

கத்திரியும் ஓய்வெடுக்கவில்லை. 1952இல் புதிய சினிமாட்டோகிராப் சட்டம் வந்தது. மாகாண வாரியங்கள் போய் மத்திய வாரியம்; போலீஸ் கமிஷனர் போய் நியமன உறுப்பினர்கள். முன்கூட்டியே தணிக்கை என்ற அடித்தளம் அப்படியே நின்றது. அதை நேருக்கு நேர் சோதித்தவர் ஒரு ஆவணப்படக்காரர்தான். கே. ஏ. அப்பாஸ் 1968இல் நான்கு நகரங்களைப் பற்றிப் பதினாறு நிமிஷப் படம் எடுத்தார். ஆடம்பரத்தையும் வறுமையையும் எதிரெதிரே வைத்த படம். பம்பாயின் சிவப்பு விளக்குப் பகுதிக் காட்சிகள் சில நொடி உண்டு. வாரியம் எல்லோரும் பார்க்கும் ‘யு’ சான்றிதழ் தர மறுத்து வெட்டச் சொன்னது. அப்பாஸ் உச்ச நீதிமன்றம் போனார். வழக்கு நடக்கும்போதே அரசு இறங்கி வந்து, வெட்டில்லாமல் ‘யு’ தருகிறோம் என்றது. அத்தோடு வீடு திரும்பியிருக்கலாம். அப்பாஸ் விடவில்லை, தணிக்கை என்ற ஏற்பாடே அரசியல் சட்டத்துக்குப் பொருந்துமா என்று கேட்டார். 1970இல் தலைமை நீதிபதி ஹிதயத்துல்லா அமர்வு பொருந்தும் என்றது: சினிமா எழுத்தைவிட ஆழமாகப் பாதிக்கும் ஊடகம், ஆகவே முன் தணிக்கை நியாயம். மேல்முறையீட்டுக்கு ஒரு தீர்ப்பாயம் வேண்டும் என்ற பேச்சு இந்த வழக்கில் அடிபட்டு, எண்பதுகளில் நடைமுறைக்கு வந்தது. அப்பாஸ் தன் படத்தை ஜெயித்தார். எல்லோருடைய வழக்கையும் தோற்றார்.

கல்லாப்பெட்டிக்கு உள்ளே உட்கார்ந்தே வித்தை காட்டியவர்களையும் சொல்லாமல் விட்டால் அநியாயம். அறுபதுகளின் நடுவில் ழான் பௌனகரி பிலிம்ஸ் டிவிஷனுக்கு ஆலோசகராக வந்த குறுகிய காலத்தில் ஏதோ கதவு திறந்தது. எஸ். என். எஸ். சாஸ்திரி ‘ஐ ஆம் 20’ படத்தில் சுதந்திரம் பிறந்த ஆண்டில் பிறந்தவர்களிடம் மைக்கை நீட்டினார். அவர்கள் பாட்டுக்கு மனத்தில் பட்டதைச் சொன்னார்கள். பிரமோத் பதி ‘எக்ஸ்ப்ளோரர்’ படத்தில் விளக்கவுரையையே தூக்கி எறிந்தார். சுக்தேவ் ‘இந்தியா 67’ படத்தில் நாடு முழுவதையும் ஒரு பேச்சுக் குரலும் இல்லாமல் காட்டினார். அரசுப் பணத்தில் வந்த படங்கள் இவை. ஆகவே அரசுப் பணம் என்றாலே அடிமைப் படம் என்ற எளிய சூத்திரம் செல்லாது. அது அதிகாரி ஒருவரின் ரசனையையும் துணிச்சலையும் நம்பி நின்ற சுதந்திரம். அவர் போனதும் போய்விடக்கூடியது.

அது எவ்வளவு நொய்யது என்பதை நெருக்கடி நிலை காட்டியது. சுக்தேவ் சாதாரண ஆள் இல்லை. வங்கதேசப் போரைப் பற்றி ‘நைன் மந்த்ஸ் டு ஃப்ரீடம்’ எடுத்தவர், தலைமுறையின் மிகப் பெரிய திறமை. அவரே 1975க்குப் பின் நெருக்கடி நிலையை ஆதரித்துப் படம் எடுத்தார். பயந்து எடுத்தார் என்று சொல்ல முடியாது. நம்பி எடுத்ததாகத்தான் தெரிகிறது. ஒரே ஆளிடம் விற்றுப் பழகிய கலைஞனுக்கு அந்த ஆளின் கண்ணே தன் கண்ணாகிவிடுவதைத் தணிக்கை என்ற சொல்லுக்குள் அடக்க முடியவில்லை. நெருக்கடிக்குச் சற்று முன்பு இருபத்தைந்து வயதுகூட ஆகாத ஆனந்த் பட்வர்தன், பீகாரில் ஜெயபிரகாஷ் நாராயணன் இயக்கத்தைக் கடன் வாங்கிய சூப்பர் 8 காமிராவில் எடுத்தார். திரையில் ஓடவிட்டு அதை 16 எம்எம்மில் மறுபடி படம் பிடித்தார். நெருக்கடி வந்ததும் பிரதியைத் துண்டு துண்டாக நாட்டுக்கு வெளியே அனுப்பிக் கனடாவில் ஒட்டினார். 1978இல் வந்த அவருடைய ‘பிரிசனர்ஸ் ஆஃப் கான்சயன்ஸ்’ அரசியல் கைதிகளைப் பற்றியது.

பட்வர்தனின் பின்னாளைய வாழ்க்கை இந்தியத் தணிக்கையின் வரலாற்றுக்கே ஒரு பாடப்புத்தகம். ஆனால் அவருடைய பெரிய சண்டைகளில் பல தணிக்கை வாரியத்தோடு நடந்தவை அல்ல, தூர்தர்ஷனோடு நடந்தவை. பம்பாய் குடிசைவாசிகளைப் பற்றிய ‘ஹமாரா ஷஹர்’ தேசிய விருது பெற்றது. அயோத்தி பற்றிய ‘ராம் கே நாம்’ 1992இல் வந்து அதுவும் விருது பெற்றது. அரசின் ஒரு கை பதக்கம் கொடுக்க, இன்னொரு கை ஒளிபரப்ப மாட்டேன் என்றது. ‘ராம் கே நாம்’ நீதிமன்ற உத்தரவின் பேரில் 1997இல்தான் தூர்தர்ஷனில் வந்தது. 1995இல் எடுத்த ‘பிதா, புத்ர அவுர் தர்மயுத்’ படத்துக்கு உச்ச நீதிமன்றம் 2006இல் வழி விட்டது. பதினோரு ஆண்டு! அதற்குள் ஒரு தலைமுறைப் பார்வையாளர்கள் வளர்ந்து வாக்குச் சீட்டும் போட்டுவிட்டார்கள். அணுகுண்டு எதிர்ப்பைப் பற்றிய ‘வார் அண்ட் பீஸ்’ படத்தில் வாரியம் 21 வெட்டுக் கேட்டது. 2003இல் பம்பாய் உயர் நீதிமன்றம் ஒரு வெட்டும் வேண்டாம் என்றது. நீதிமன்றங்களில் அவர் பெரும்பாலும் ஜெயித்தார். ஜெயித்த ஆண்டுகளை எண்ணினால் தோற்றதற்குச் சமம்.

இந்தக் கணக்கை வேறொரு நாட்டோடு ஒட்டிப் பார்த்தால் இன்னும் தெளிவாகும். லாத்வியாவில் நிலைமை தலைகீழ். சோவியத் ஆட்சியில் ரீகா ஸ்டூடியோவுக்குச் சம்பளம், பிலிம், தியேட்டர் எல்லாம் அரசு கொடுத்தது. கத்திரியும் கூடவே இருந்தது. ஹெர்ஸ் ஃபிராங்க் 1978இல் எடுத்த ‘பத்து நிமிஷம் வயதானவன்’, பொம்மலாட்டம் பார்க்கும் சிறுவன் முகத்தை வெட்டே இல்லாமல் பத்து நிமிஷம் காட்டும் படம், அந்த அமைப்புக்குள் பிறந்ததுதான். யூரிஸ் பொட்னியெக்ஸ் 1986இல் எடுத்த ‘இளமையாக இருப்பது எளிதா?’ சோவியத் நாடு முழுதும் கூட்டம் கூட்டமாகப் பார்க்கப்பட்டது. 1991 ஜனவரியில் ரீகா தெருவில் சோவியத் சிறப்புப் படையின் தாக்குதலைப் பிடித்துக்கொண்டிருந்த அவருடைய இரண்டு காமிராக்காரர்கள், ஆந்திரிஸ் ஸ்லாபின்ஷும் க்விடோ ஸ்வைக்ஸ்னேயும், குண்டடிபட்டு உயிரிழந்தார்கள். அதே ஆண்டு சுதந்திரம் வந்தது. கத்திரி போனது, கூடவே பணமும் போனது. பொட்னியெக்ஸ் 1992இல் ஏரியில் மூழ்கி இறந்தார். ஃபிராங்க் இஸ்ரேலுக்குக் குடிபெயர்ந்தார். சுதந்திரத்தன்று அங்கே கல்லாப்பெட்டி காலியாயிற்று. இங்கே அது ஒரே கைக்குப் போயிற்று.

2003இல் மும்பை சர்வதேசப் படவிழாவுக்கு வரும் இந்திய ஆவணப்படங்களுக்குத் தணிக்கைச் சான்றிதழ் கட்டாயம் என்று அறிவித்தார்கள். வெளிநாட்டுப் படங்களுக்கு வேண்டாம், நம்மவர்களுக்கு மட்டும். குஜராத் கலவரத்துக்கு மறு ஆண்டு என்பதை நினைவில் வைத்தால் காரணம் புரியும். எதிர்ப்பு கிளம்பி விதி தளர்ந்தது. ஆனால் முக்கியமான படங்கள் தேர்வில் கழிந்தன. 2004 பிப்ரவரியில் படக்காரர்கள் விழாவுக்குப் பக்கத்திலேயே ‘விகல்ப்’ என்று போட்டி விழா நடத்தினார்கள். குஜராத் கலவரத்தைப் பற்றிய ராகேஷ் சர்மாவின் ‘ஃபைனல் சொல்யூஷன்’ அதே ஆண்டு தடைபட்டு, பல மாத எதிர்ப்புக்குப் பின் அனுமதி பெற்றது. விகல்ப்பின் உண்மையான சாதனை ஒரு தடையை உடைத்தது அல்ல. அரசு நடத்தும் மண்டபத்துக்கு வெளியே பார்வையாளர்கள் இருக்கிறார்கள் என்று காட்டியது.

தமிழ்நாட்டில் அதற்கு முன்பே அந்த வேலை தொடங்கிவிட்டது. 1998 முதல் மதுரையில் ஆவணப்படக்காரர் அமுதன் நடத்திவரும் ஆவணப்பட, குறும்பட விழா பெரிய புரவலர் இல்லாமல் ஓடுவது. 1999இல் ஊர்வலத்தின் மீது போலீஸ் நடத்திய தாக்குதலில் பலர் இறந்த தாமிரபரணிக் கொலைகளைப் பற்றி ஆர். ஆர். சீனிவாசன் எடுத்த ‘நதியின் மரணம்’ கல்லூரிகளிலும் இயக்கக் கூட்டங்களிலும் கையடக்கப் பிரதிகளாகச் சுற்றியது. அமுதனின் ‘பீ’ மதுரைத் தெருவொன்றில் மலம் அள்ளும் பெண்ணைப் பின்தொடர்ந்தது. 2017இல் திவ்ய பாரதியின் ‘கக்கூஸ்’ வந்தபோது, பல ஊர்களில் மண்டபக்காரர்களுக்குப் போலீஸ் சொல்லியே திரையிடல் நின்றது. அவர் படத்தை யூடியூபில் ஏற்றினார், லட்சக்கணக்கானோர் பார்த்தார்கள். பிறகு பழைய வழக்கொன்றில் கைதும் நடந்தது. இந்தத் தடைகளில் பெரும்பாலானவற்றுக்கு எழுத்தில் ஆணை கிடையாது என்பதைக் கவனியுங்கள். மண்டபச் சாவி வைத்திருப்பவருக்கு ஒரு போன் போதும். ஆணை இருந்தால் அதைக் கொண்டு நீதிமன்றம் போகலாம். போனை எந்த நீதிமன்றத்துக்குக் கொண்டு போவது?

கேரளத்தில் அரசே நடத்தும் ஆவணப்பட விழாவுக்கும் 2017இல் மூன்று படங்களுக்கு மத்திய அரசின் தணிக்கை விலக்குக் கிடைக்கவில்லை: ரோஹித் வேமுலா, காஷ்மீர், ஜேஎன்யூ பற்றியவை. 2019இல் பட்வர்தனின் ‘விவேக்’ படத்துக்கும் அதே கதி. கேரள உயர் நீதிமன்றம் தலையிட்டுத்தான் காட்டினார்கள். சட்டப்படி விழாவிலோ கல்லூரியிலோ காட்டவும் சான்றிதழோ விலக்கோ தேவை.

2020 டிசம்பரில் பிலிம்ஸ் டிவிஷனைத் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்க மத்திய அமைச்சரவை முடிவெடுத்தது. 2021 ஏப்ரலில் தணிக்கை மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் கலைந்தது. அப்பாஸ் வழக்கில் முளைத்து லீனா மணிமேகலையின் ‘செங்கடல்’ போன்ற படங்களுக்கு வழி விட்ட அமைப்பு அது. இனி வாரியத்தோடு சண்டை என்றால் உயர் நீதிமன்றம்தான். அப்பாஸ் பேர் பெற்ற கதாசிரியர். பட்வர்தனுக்குப் பொறுமையோடு வழக்காடும் வக்கீல்கள் கிடைத்தார்கள். பத்தாயிரம் ரூபாய் காமிராவில் தன் ஊர்ச் சாக்கடையைப் படம் பிடிக்கும் இளைஞருக்கு வக்கீல் பீஸ் படத்தின் செலவைவிட அதிகம். அவர் சான்றிதழே கேட்காமல் யூடியூபில் ஏற்றிவிடுகிறார். பெரிய ஓடிடி நிறுவனங்களோ 2021 தகவல் தொழில்நுட்ப விதிகளுக்குப் பின் அரசியல் ஆவணப்படத்தைக் கேட்டாலே கதவைச் சாத்திக்கொள்கின்றன. வசதியும் தொடர்பும் உள்ளவர்கள் வெளிநாட்டு நிதியில் எடுத்து கான், சண்டான்ஸ் விழாக்களில் பரிசு வாங்குகிறார்கள். அந்தப் படங்களில் சிலவற்றை மதுரையிலோ கோவையிலோ டிக்கெட் வாங்கிப் பார்க்க வழியே இல்லை. செட்டியார் காலத்துத் தியேட்டர்காரராவது படம் ஓடுமா என்று மட்டும்தான் கேட்டிருப்பார்.